அசாமிய மொழியில் ஒலிவழிக் காதல் கதைகூறல்

அசாமிய மொழியில் ஒலிவழிக் காதல் கதைகூறல் என்பது, காதலைக் கருப்பொருளாகக் கொண்ட கதைகளை அசாமிய மொழியில் குரலால் சொல்லி, செவியால் கேட்கச் செய்யும் கலை ஆகும். வாய்மொழிக் கதைப்பாடல்கள், இசைத்தட்டு நாடகங்கள், வானொலி நாடகங்கள், ஒலிநாடாக்கள், பண்பலை நிகழ்ச்சிகள், இணையவழி ஒலிக்கதைகள் ஆகியன இதனுள் அடங்கும். வடகிழக்கு இந்தியாவின் அசாம் மாநிலத்தில், சிறப்பாகப் பிரம்மபுத்திரா ஆற்றுப் பள்ளத்தாக்கில், இது வழங்கி வருகின்றது.

2011 ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் அசாமிய மொழியைத் தாய்மொழியாகக் கொண்டோர் ஏறத்தாழ 1 கோடியே 53 இலட்சம் பேர் ஆவர். 2024 அக்டோபரில் இந்திய அரசு இம்மொழிக்குச் செம்மொழித் தகுதி வழங்கியது. எழுத்து வடிவில் வங்காள மொழியை மிகவும் ஒத்திருக்கும் அசாமிய மொழி, ஒலி வடிவில் அதனின்றும் தெளிவாக வேறுபடுகின்றது. எனவே இம்மொழியின் தனித்தன்மையை அச்சிட்ட பக்கத்தைவிடப் பேசும் குரலே விரைவாக உணர்த்துகின்றது. காதலர்களுக்கு இடையிலான நெருக்கத்தைக் காட்டும் இலக்கணக் கூறுகளும் பெரும்பாலும் பேச்சிலேயே வெளிப்படுவதால், காதல் கதைகளில் இது கூடுதல் முக்கியத்துவம் பெறுகின்றது.

பெயர்

அசாமிய மொழியில் காதல் கதை "பிரேமொர் காஹினி" எனப்படுகின்றது. நாட்டுப்புறக் கதைக்கு "சாது" அல்லது "சாதுகதா" என்று பெயர். வானொலியை "அனாதார்" என்பர்; "தார்" என்பது கம்பி, "அனாதார்" என்பது கம்பியற்றது எனப் பொருள்படும். வானொலி நாடகம் "அனாதார் நாடக்" ஆகும்.

மொழியின் ஒலி இயல்புகள்

ஒலிப்பு

அசாமிய எழுத்துமுறையில் ச, ஷ, ஸ ஆகியவற்றுக்குரிய மூன்று எழுத்துகளும் பல இடங்களில் தொண்டையை ஒட்டி எழும் ஓர் உரசொலியாக ஒலிக்கப்படுகின்றன. தமிழில் "அகம்" என்னும் சொல்லின் நடுவில் வரும் ககரத்தைச் சற்று அழுத்தி உரசலுடன் ஒலித்தால் இதற்கு அண்மையான ஒலி கிடைக்கும். இதனால் அசாமியர் தம் நாட்டை "ஒகொம்" என்பது போலவும், தம் மொழியை "ஒகொமியா" என்பது போலவும் ஒலிக்கின்றனர். இவ்வொலி வங்காளத்தில் இல்லை. மேலும், பெரும்பாலான இந்திய மொழிகளில் உள்ள தகர - டகர வேறுபாடு அசாமிய எழுத்தில் உண்டாயினும் பேச்சில் இல்லை; இரண்டும் நுனிநாக்கு மேற்பல் ஈற்றைத் தொடும் ஒரே வகை ஒலியாக அமைகின்றன. இவ்விரு இயல்புகளாலும் அசாமியப் பேச்சு மென்மையானதாகக் கேட்கப்படுகின்றது.

முன்னிலைப் பெயர்கள்

அசாமிய மொழியில் முன்னிலைக்கு மூன்று படிகள் உள்ளன. இலங்கைத் தமிழில் வழங்கும் நீ, நீர், நீங்கள் என்னும் மூன்றினோடு இவற்றை ஒப்பிடலாம்.

- தொய்: மிக நெருங்கியவர், இளையோர், சிறுவர் ஆகியோரை அழைப்பது
- துமி: நண்பர், துணைவர், ஒத்த நிலையினர் ஆகியோரை அழைப்பது
- ஆபுனி: பெரியோர், அறிமுகமற்றோர் ஆகியோரை மதிப்புடன் அழைப்பது

வினைமுற்றும் இதற்கேற்ப மாறும். "வருவாயா?" என்னும் பொருளில் தொய் என்பதுடன் "ஆஹிபி", துமி என்பதுடன் "ஆஹிபா", ஆபுனி என்பதுடன் "ஆஹிபொ" என்னும் வடிவங்கள் வருகின்றன. பெயர்ச்சொல்லை விட்டுவிட்டு வினையை மட்டும் சொன்னாலும் உறவின் அளவு தெரிந்துவிடும். ஆகவே ஒரு கதையில் இருவர் "ஆபுனி"யிலிருந்து "துமி"க்கு மாறும் இடம், காதலை எவரும் சொல்லாமலே கேட்பவருக்கு உணர்த்தும் இடமாக அமையலாம். ஊடலின்போது ஒருவர் மீண்டும் "ஆபுனி"க்குத் திரும்புவது, கோபச் சொற்கள் எவையுமின்றியே விலகலைக் காட்டும்.

அசாமிய வினைமுற்று ஆண், பெண் பால் காட்டுவதில்லை. படர்க்கையில் "சி" (அவன்), "தாய்" (அவள்) என்னும் பெயர்கள் பால் காட்டினும், மதிப்புப் பெயராகிய "தேஓம்" தமிழின் "அவர்" போல இருபாற்கும் பொதுவானது. கதைசொல்லி விரும்பினால், பேசப்படுபவர் ஆணா பெண்ணா என்பதைச் சிறிது நேரம் மறைத்து வைக்க இது இடந்தருகின்றது.

காதல் சார்ந்த சொற்கள்

- மொரொம்: அன்பு, பரிவு. குழந்தை, பெற்றோர், காதலர் அனைவர்க்கும் பொருந்தும்
- செனேஹ்: நேசம்
- செனாய்: அன்புக்குரியவர். பிகு பாடல்களில் மிகுதியாக வரும்
- லாஹொரி: மெல்லியலாள்
- பால் போவா: காதலித்தல், விரும்புதல். நேர்ப்பொருள் "நல்லதாகப் பெறுதல்"

வரலாறு

வாய்மொழி மரபு

அசாமியக் காதல் கதைகளின் மிகப் பழைய ஊடகம் பாட்டே ஆகும். சித்திரை மாதத்தில் கொண்டாடப்படும் ரொங்காலி பிகுவின்போது இளைஞரும் இளம்பெண்களும் பாடும் பிகு பாடல்கள் குறுகிய அடிகளால் ஆனவை. ஒவ்வொன்றும் ஒரு சிறு காட்சியையோ கேள்வியையோ மறுமொழியையோ மட்டுமே கொண்டிருக்கும். பல பாடல்களை அடுத்தடுத்துப் பாடும்போது ஒரு காதலின் வளர்ச்சி புலப்படும். தோல் என்னும் மேளம், எருமைக் கொம்பால் ஆன பேபா என்னும் ஊதுகருவி, மூங்கிலால் ஆன கொகொனா ஆகியன இவற்றுக்குத் துணையாகும். பெண் தன் தறியில் நெய்த கமோசா என்னும் துண்டைக் காதலனுக்கு அளிப்பதும், கூந்தலில் கொபௌ என்னும் ஆர்க்கிட் மலரைச் சூடுவதும் இப்பாடல்களில் அடிக்கடி வரும் செய்திகளாகும்.

"மாலிதா" எனப்படும் கதைப்பாடல்கள் நீண்டவை. பூல்கோன்வர், மொனிகோன்வர் ஆகிய இளவரசர்களைப் பற்றிய பாடல்களும், ஜனா காபொரு என்னும் பெண்ணைப் பற்றிய பாடலும் இவ்வகையில் அறியப்பட்டவை. பிரிந்திருக்கும் பெண்ணின் துயரைப் பன்னிரு மாதங்களின் வரிசையில் சொல்லும் "பாரமாஹி கீத்" மற்றொரு வகையாகும்.

ஓஜா-பாலி என்னும் கதைநிகழ்த்து கலையில், ஓஜா என்னும் தலைமைப் பாடகர் கதையைப் பாட, பாலிகள் எனப்படும் துணைவர்கள் பின்பாட்டுப் பாடுவர். அவர்களுள் "டாயினா பாலி" எனப்படும் வலப்பக்கத் துணைவர் இடையிடையே கேள்வி கேட்டும் விளக்கம் சொல்லியும் கதையை நகர்த்துவார். இறந்த கணவனின் உடலுடன் தெப்பத்தில் சென்று அவன் உயிரை மீட்கும் பெகுலாவின் கதை இக்கலையின் ஒரு பிரிவில் பாடப்படுகின்றது.

வைணவ இயக்கத்தைத் தோற்றுவித்த சங்கரதேவர் (1449–1568) இயற்றிய "ருக்மிணி ஹரண்" நாடகத்தில், கிருஷ்ணனும் ருக்மிணியும் ஒருவரை ஒருவர் காணாமலே, பாணர்கள் சொல்லும் வருணனையைக் கேட்டுக் காதல் கொள்கின்றனர். நாடகம் முழுவதையும் சூத்திரதாரர் தம் குரலால் தொடுத்துச் செல்வார். எனவே செவிவழிக் காதல் என்பது இம்மரபில் நிகழ்த்தும் முறையாக மட்டுமன்றிக் கதைப்பொருளாகவும் இருந்துள்ளது.

1836 முதல் 1873 வரை ஆங்கிலேய ஆட்சியில் அசாமின் நீதிமன்றங்களிலும் பள்ளிகளிலும் வங்காளமே பயன்படுத்தப்பட்டது. இக்காலத்தில் வீடுகளிலும் வயல்களிலும் வழங்கிய பாட்டும் கதையும் மொழியைத் தொடர்ந்து காத்தன. பின்னர் இலட்சுமிநாத் பெஸ்பருவா (1864–1938) நாட்டுப்புறக் கதைகளைத் தொகுத்து 1911 இல் "புர்ஹீ ஆயிர் சாது" (பாட்டியின் கதைகள்) என்னும் பெயரில் வெளியிட்டார். இதில் உள்ள தேஜீமலா போன்ற கதைகளில் உரைநடைக்கு இடையே பாட்டும் வருவது, அவை சொல்லிக் கேட்கப்பட்டவை என்பதற்குச் சான்றாகும்.

இசைத்தட்டும் பேசும்படமும்

1930களில் அசாமியக் கலைஞர்கள் ஒலிப்பதிவுக்காகக் கொல்கத்தா சென்றனர். பூபேன் ஹசாரிகா (1926–2011) சிறுவனாக இருந்தபோது, 1936 இல், ஜோதிபிரசாத் அகர்வாலா, விஷ்ணுபிரசாத் ராபா ஆகியோருடன் அங்குச் சென்று தம் முதற் பாடலைப் பதிவு செய்தார். அக்காலத்தில் நிமிடத்துக்கு 78 முறை சுழலும் பத்து அங்குல இசைத்தட்டின் ஒரு பக்கத்தில் ஏறத்தாழ மூன்று நிமிட ஒலியையே பதிவு செய்ய முடிந்தது. இரவு முழுதும் பாடப்படும் ஒரு கதையை இதில் அடக்க இயலாது.

ஜோதிபிரசாத் அகர்வாலா (1903–1951) இயக்கிய "ஜாய்மதி" (1935) முதல் அசாமியத் திரைப்படம் ஆகும். ஒலிப்பதிவின் பெரும்பகுதி பழுதானதால், ஆண், பெண் பாத்திரங்கள் பலவற்றுக்கு ஜோதிபிரசாத் தாமே குரல் கொடுத்தார் எனக் கூறப்படுகின்றது. ஜாய்மதியாக நடித்த ஐதேவ் ஹந்திக் (1920–2002) முதல் அசாமியத் திரைப்பட நடிகை ஆவார். உடன் நடித்த அயல் ஆடவர் ஒருவரை, கணவனை அழைக்கும் மதிப்புச் சொல்லால் அழைத்தார் என்பதற்காக அவர் ஊராரால் ஒதுக்கப்பட்டார். அவரை மணக்க எவரும் முன்வரவில்லை. இறுதிவரை மணமாகாமலே வாழ்ந்தார். ஒரு பெண் காதல் உறவைக் குறிக்கும் சொல்லைப் பலர் கேட்கப் பேசுவது அக்காலச் சமூகத்தில் எத்தகைய விளைவை ஏற்படுத்தியது என்பதற்கு இது எடுத்துக்காட்டாகும்.

வானொலி

அகில இந்திய வானொலியின் ஷில்லாங்-குவாகாத்தி நிலையம் 1948 ஜூலை 1 அன்று தொடங்கப்பட்டது. பூபேன் ஹசாரிகா 1949 இல் அமெரிக்காவுக்கு மேற்படிப்புக்குச் செல்லுமுன் இங்குச் சிறிது காலம் பணியாற்றினார். திப்ருகார் நிலையம் 1969 இல் தொடங்கியது.

வானொலி நாடகம் அசாமியக் காதல் கதைக்கு மூன்று வாய்ப்புகளை அளித்தது. முதலாவது, இசைத்தட்டின் கால வரம்பு நீங்கியது. இரண்டாவது, நடிப்பவரின் முகம் தெரியாததால், குரல் மட்டுமே பாத்திரமாயிற்று. மூன்றாவது, மேடையில் உரக்கப் பேச வேண்டியிருந்த காதல் உரையாடலை, ஒலிவாங்கியின் முன் தாழ்ந்த குரலில் பேச முடிந்தது. வானொலியில் பணியாற்றிய அருண் சர்மா (1931–2017), இயற்பியல் பேராசிரியரும் சிறுகதை ஆசிரியருமான பவேந்திரநாத் சைகியா (1932–2003) ஆகியோர் அசாமிய வானொலி நாடகங்கள் எழுதியவர்களுள் குறிப்பிடத்தக்கோர் ஆவர்.

வானொலி வட்டார வழக்குகளையும் பரப்பியது. மேற்கு அசாமின் கௌரிபூரைச் சேர்ந்த பிரதிமா பருவா பாண்டே (1934–2002) பாடிய கோவால்பாரியா நாட்டுப்பாடல்கள் இதற்குச் சான்றாகும். யானைப் பாகனைப் பிரிந்த பெண்ணின் ஏக்கம் இப்பாடல்களின் முதன்மைப் பொருள்களுள் ஒன்று. எழுத்து அசாமியம் கிழக்கு அசாமின் சிவசாகர் வழக்கை அடிப்படையாகக் கொண்டது. மேற்கு வழக்கின் காதல் மொழியைப் பிற பகுதியினர் அறிந்தது பெரிதும் இவர் குரல் வழியாகவே ஆகும். இவருக்கு 1991 இல் பத்மசிறீ விருது வழங்கப்பட்டது.

ஒலிநாடாவும் பண்பலையும்

1980களிலும் 1990களிலும் ஒலிநாடாக்கள் பரவின. ககேன் மகந்தா (1942–2014), அர்ச்சனா மகந்தா (1949–2020) ஆகிய கணவன் மனைவி இணையர் பாடிய பிகு, நாட்டுப்பாடல் பதிவுகள் பெரும் வரவேற்பைப் பெற்றன. 1992 இல் வெளிவந்த "அனாமிகா" என்னும் ஒலிநாடா மூலம் சுபீன் கார்க் (1972–2025) புதிய தலைமுறையின் காதல் பாடகராக அறிமுகமானார்.

2000களின் பிற்பகுதியில் குவாகாத்தியில் தனியார் பண்பலை நிலையங்கள் தோன்றின. தனியார் பண்பலையில் செய்தி ஒலிபரப்ப அனுமதி இல்லாமையால் பாடல், உரையாடல், கதை ஆகியனவே நிகழ்ச்சிகளை நிரப்பின. அண்டை மாநிலமான மேற்கு வங்காளத்தில் 2009 இல் தொடங்கிய "சண்டே சஸ்பென்ஸ்" என்னும் வானொலிக் கதை நிகழ்ச்சியின் வெற்றி, வானொலியில் இலக்கியக் கதைகளுக்கு இளம் நேயர்கள் உண்டு என்பதைக் காட்டியது.

இணையம்

2010களில் கைப்பேசி இணையம் பரவியதும், நிலையமோ பெரிய ஒலிப்பதிவுக் கூடமோ இன்றித் தனியாட்களே கதைகளைப் பதிவு செய்து வெளியிடத் தொடங்கினர். யூடியூப் தளம் இவற்றின் முதன்மை இடமாயிற்று. இவ்வகைக் கதைகள் பெரும்பாலும் தன்மையிடத்தில், ஒரே குரலில், பின்னணி இசையுடன் சொல்லப்படுகின்றன. நீண்டவை பகுதிகளாகப் பிரித்து வெளியிடப்படுகின்றன. கல்லூரி, தேயிலைத் தோட்டம், வேலைக்காக வெளிமாநிலம் செல்லும் இளைஞர், மழைக்கால ஆறு ஆகியன இவற்றில் பயிலும் களங்களும் மாந்தரும் ஆவர்.

குறிப்பிடத்தக்க கதைகள்

உஷா - அநிருத்தன்

சோணிதபுரத்து அரசன் பாணனின் மகள் உஷா, கனவில் கண்ட இளைஞன்மீது காதல் கொள்கிறாள். தோழி சித்திரலேகா பல இளவரசர்களின் உருவங்களை வரைந்து காட்ட, அவன் கிருஷ்ணனின் பேரன் அநிருத்தன் என்று தெரிகின்றது. இப்புராணக் கதையின் களம் இன்றைய தேஜ்பூர் என அசாமியர் நம்புகின்றனர். உஷா காவலில் வைக்கப்பட்டதாகக் கூறப்படும் அக்னிகட் குன்று அங்குள்ளது. 16 ஆம் நூற்றாண்டில் அனந்த கந்தலியின் "குமர ஹரண்" காவியத்திலும், 20 ஆம் நூற்றாண்டில் ஜோதிபிரசாத் அகர்வாலாவின் "சோணித் கோன்வரி" நாடகத்திலும் இக்கதை இடம்பெற்றது.

ஜங்கியும் பானேயும்

ரஜனிகாந்த பர்தலை (1867–1940) எழுதிய "மிரி ஜீயரி" (1894) தொடக்ககால அசாமியப் புதினங்களுள் ஒன்று. சுபன்சிரி ஆற்றங்கரையில் வாழும் மிசிங் பழங்குடியைச் சேர்ந்த ஜங்கி, பானேய் என்னும் இருவரின் காதலும் துயர முடிவும் இதன் பொருளாகும். "மிரி" என்பது பிறர் இட்ட பெயர். அம்மக்கள் தம்மை மிசிங் என்றே அழைக்கின்றனர். அவர்களது "ஓய் நிதொம்" என்னும் காதல் பாடல் மரபு இக்கதைக்களத்துடன் நெருங்கிய தொடர்புடையது.

ஜாய்மதி

17 ஆம் நூற்றாண்டு அகோம் இளவரசன் கதாபாணியின் மனைவி ஜாய்மதி. தலைமறைவான கணவனின் இருப்பிடத்தைச் சொல்லும்படி அரசனின் ஆட்கள் அவளைத் துன்புறுத்தினர். அவள் சொல்லாமலே உயிர்நீத்தாள். பின்னர் கதாபாணி அரசனானான். நாயகியின் மௌனமே கதையின் மையம் என்பதால், ஒலி வடிவில் இதனைச் சொல்வது கடினமானது. பிறர் குரல்களாலும் இடைவெளிகளாலுமே அவளை உணர்த்த வேண்டியுள்ளது.

தயாரிப்பு முறை

ஒலிக்கதைத் தயாரிப்பில் பொதுவாகப் பின்வரும் படிகள் உள்ளன.

- கதைத் தேர்வு: அச்சில் வந்த கதையைப் படிப்பதா, ஒலிக்கென்றே எழுதுவதா என முடிவு செய்தல்
- உரை திருத்தம்: நீண்ட வாக்கியங்களைப் பிரித்தல். "என்றான்", "என்றாள்" என்பன குறைக்கப்பட்டு முன்னிலைப் பெயர்களாலும் குரல் மாற்றத்தாலும் பேசுபவர் அடையாளம் காட்டப்படுவர்
- பதிவு: எதிரொலி இல்லாத அறையில், ஒலிவாங்கிக்கு அண்மையில் பேசுதல். நெருங்கிப் பேசும் குரலில் தாழ்ந்த அதிர்வெண்கள் மிகுந்து ஒலிக்கும். இது தனிமையில் பேசும் உணர்வைத் தரும்
- ஒலிச்சூழல்: மழை, துடுப்பு, தறி, குயில் முதலிய ஒலிகளைச் சேர்த்தல். பேபாவின் ஒலி கேட்டதும் பிகு காலம் என்பதை அசாமியர் உணர்வர். தனியே சொல்லத் தேவையில்லை

பதிப்புரிமை

இந்தியப் பதிப்புரிமைச் சட்டம், 1957 இன்படி, ஆசிரியர் தம் வாழ்நாளில் வெளியிட்ட நூலின் உரிமை, அவர் இறந்த ஆண்டுக்கு அடுத்த ஆண்டின் தொடக்கத்திலிருந்து 60 ஆண்டுகள் நீடிக்கும். பெஸ்பருவாவின் கதைகளும், பர்தலையின் "மிரி ஜீயரி" புதினமும் இப்போது பொதுவுரிமையில் உள்ளன. எவரும் அவற்றை வாசித்துப் பதிவு செய்யலாம். பவேந்திரநாத் சைகியா போன்ற அண்மைக்கால எழுத்தாளர்களின் கதைகளைப் பதிவு செய்ய உரிமையாளரின் அனுமதி தேவை. நூல் பொதுவுரிமையில் இருந்தாலும், அதனைப் பிறர் வாசித்த பதிவுக்குத் தனி உரிமை உண்டு.

முக்கியத்துவமும் சிக்கல்களும்

ஒலிக்கதைகள் எழுத்தறியாதோர், பார்வையற்றோர், ஆங்கிலவழிக் கல்வி பயின்று அசாமியம் பேசினாலும் சரளமாகப் படிக்க இயலாதோர் ஆகிய மூவகையினரையும் சென்றடைகின்றன. வெளிமாநிலங்களில் வாழும் அசாமியர்க்கு இவை தாய்மொழியைக் கேட்கும் வாய்ப்பாகவும் உள்ளன.

எனினும், பழைய பதிவுகளின் நிலை கவலைக்குரியது. அரக்குத் தட்டுகள் எளிதில் உடைவன. காந்த நாடாக்கள் அசாமின் ஈரமான காலநிலையில் பூஞ்சை பிடித்து அழியும். வாய்மொழிக் கதைப்பாடல்களின் சொற்கள் அச்சில் கிடைத்தாலும், அவற்றின் மெட்டும் ஒலிப்பும் அச்சில் இல்லை. பாடுபவர் மறையும்போது, பதிவு செய்யப்படாத பகுதியும் உடன் மறைகின்றது.

கணினி வழிப் பேச்சுத் தொழில்நுட்பம் மற்றொரு திருப்பமாகும். சென்னை இந்தியத் தொழில்நுட்பக் கழகம் ஒருங்கிணைத்த, எழுத்தைப் பேச்சாக மாற்றும் பன்மொழித் திட்டத்தில் அசாமிய மொழியும் இடம்பெற்றது. மொசில்லா அறக்கட்டளையின் "காமன் வாய்ஸ்" திட்டத்தில் தன்னார்வலர்கள் அசாமியக் குரல்களை வழங்கி வருகின்றனர். இத்தகைய தொகுப்புகளில் பொது வழக்கு மட்டுமே இடம்பெற்றால், இயந்திரம் பேசும் அசாமியமும் அவ்வொரு வழக்காகவே இருக்கும். காம்ரூபி, கோவால்பாரியா வழக்குகளில் கதை சொல்வோரைப் பதிவு செய்வது இதனால் இன்றியமையாததாகின்றது. ஒரு பெண் "ஆபுனி" என்பதை விட்டு "துமி" என்று முதன்முறை சொல்லும்போது குரலில் ஏற்படும் தயக்கத்தை எழுத்து காட்டாது. அதனைக் காக்க ஒலிப்பதிவு ஒன்றே வழியாகும்.

இவற்றையும் பார்க்கவும்

- அசாமிய மொழி
- அசாமிய இலக்கியம்
- பிகு
- ஓஜா-பாலி
- சங்கரதேவர்
- ஜோதிபிரசாத் அகர்வாலா
- பூபேன் ஹசாரிகா
- வானொலி நாடகம்
- ஒலிநூல்